இல்லையப்பரின் பிழை

"மெஷினை நிறுத்துங்கப்பா."

சொன்னவர் இல்லையப்பர். அந்த அச்சகத்தில் பிழை திருத்துகிறவர். கடவுள் பேச்சு வந்தால் ஒரே வார்த்தையில் "இல்லை" என்று முடித்துவிடுவார். அதனால் மெஷின்காரர் வைத்த பெயர் அது.

சத்தம் நின்றதும் முதலாளி தன் அறையிலிருந்து ஓடி வந்தார். அப்போதுதான் கண்ணை மூடிக் கும்பிட்டு முடித்திருந்தார். ஓடிக்கொண்டிருந்தது சாதாரண வேலை இல்லை. பெரிய ஆஸ்பத்திரியில் ஒவ்வொரு கட்டில் பக்கத்திலும் வைக்கப்போகிற பிரார்த்தனைப் புத்தகம். இரண்டாயிரம் பிரதி. சாயங்காலத்துக்குள் போய்ச் சேர வேண்டும்.

"யாரைக் கேட்டு நிறுத்தினீங்க?"

இல்லையப்பர் ஒரு தாளை நீட்டினார். "நாலாம் பக்கம் சார். 'பிணி தீர்ப்பாய்'னு வரணும். 'பிணி சேர்ப்பாய்'னு வந்திருக்கு."

முதலாளி அடித்த கட்டுகளைப் பார்த்தார். பாதிக்கு மேல் ஆகியிருந்தது.

"ஒரு எழுத்துதானே. நாம என்ன கேக்கிறோம்னு ஆண்டவனுக்குத் தெரியாதா? ஓடட்டும்."

"ஆண்டவனுக்குத் தெரியும்னே வெச்சுக்கலாம் சார். கட்டில்ல படுத்துக்கிட்டுப் படிக்கிறவங்களுக்கு?"

சுருக்கென்றது. போயும் போயும் இந்த ஆள் வாயால் இதைக் கேட்க வேண்டியிருக்கிறதே என்று முதலாளிக்குக் கோபம் ஏறியது.

"இதைப் பார்த்து அனுப்பினது யாரு?"

மூலையில் கம்ப்யூட்டர் முன்னால் இருந்த டைப் அடிக்கிற அம்மா எழுந்து நின்றாள். முகம் வெளுத்திருந்தது. அவள் வாயைத் திறப்பதற்குள் இல்லையப்பர் முந்திக்கொண்டார்.

"நான்தான் சார். ஆஸ்பத்திரிக்காரங்க எழுதிக் கொடுத்ததிலேயே அப்படித்தான் இருந்தது. நான் கவனிக்காம விட்டுட்டேன்."

"கவனிக்காமலா, வேணும்னேவா? மத்த புத்தகத்துல ஒரு கால்புள்ளி விடமாட்டீங்க. சாமி புத்தகம்னா மட்டும் கண்ணு தெரியலையா?"

இல்லையப்பர் பேனாவை எடுத்துத் தாளில் அந்த எழுத்தைச் சுழித்தார்.

"திருத்திக் கொடுத்துட்டுக் கிளம்புங்க. நாளையிலேருந்து வரவேண்டாம்."

"சரி சார். முதல்ல திருத்திடலாம்."

அறைக்குத் திரும்பிய முதலாளிக்கு இருப்புக்கொள்ளவில்லை. எங்கேயோ இடித்தது. வேண்டுமென்றே செய்தவன் எதற்காகத் தானே வந்து மெஷினை நிறுத்துகிறான்? பேசாமல் வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தாலே புத்தகம் கெட்டிருக்குமே. சாமி கும்பிடுகிற நான் 'ஓடட்டும்' என்கிறேன், கும்பிடாதவன் 'நிறுத்து' என்கிறான். இதில் யார் எந்தப் பக்கம்? யோசிக்க யோசிக்கக் குழப்பம்தான் கூடியது.

வெளியே மெஷின் மறுபடி ஓடத் தொடங்கியது. கதவைத் தள்ளிக்கொண்டு டைப் அடிக்கிற அம்மா வந்தாள். கையில் ஆஸ்பத்திரியிலிருந்து வந்த மூலப் பிரதி.

"இதுல 'தீர்ப்பாய்'னுதான் சார் இருக்கு. தப்பா அடிச்சது நான்."

"சரி, நீ தப்பா அடிச்சே. அவர் பார்க்கும்போது..."

"அவர் பார்க்கவே இல்லை சார். சாமி இல்லைங்கிறவர் கை இதுல படக் கூடாதுன்னு, நான்தான் அவருக்குக் காட்டாம நேரா மெஷினுக்கு அனுப்பிட்டேன். கீழே கிடந்த தாளை எடுத்துப் பார்த்துத்தான் அவர் கண்டுபிடிச்சிருக்கார்."

முதலாளி நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்.

"என் பொண்ணுக்கு நாளைக்கு ஆபரேஷன் சார், அதே ஆஸ்பத்திரியில. அவ நல்லாகணும்னு வேண்டிக்கிட்டேதான் ஒவ்வொரு வரியும் அடிச்சேன். கடைசியில பிணி சேருன்னு என் கையாலேயே..." குரல் உடைந்தது. "ஆண்டவன் என் பொண்ணைத் தண்டிச்சிடுவானா சார்?"

மாட்டான் என்று சொல்ல வாயெடுத்தார். சற்றுமுன் தான் போட்ட கூச்சல் நினைவுக்கு வந்து தடுத்தது. எழுந்து போய் இல்லையப்பரைக் கூட்டி வந்தார்.

"நாளைக்கு வழக்கம்போல வந்துடுங்க. நான் அவசரப்பட்டுட்டேன்," என்றார். "ஆனா ஒண்ணு மட்டும் எனக்குப் புரியல. செய்யாத தப்பை ஏங்க தலையில போட்டுக்கிட்டீங்க? அதுவும் பொய் சொல்லி?"

இல்லையப்பர் முதலாளியைப் பார்க்கவில்லை. அந்த அம்மாவைப் பார்த்துச் சொன்னார்.

"உங்க கையாலதான் தப்பு வந்துச்சுன்னு தெரிஞ்சா, பொண்ணு ஆபரேஷன் நேரத்துல நீங்க இப்படிப் பயந்துடுவீங்கன்னுதான்மா. இதுக்காக ஆண்டவன் யார் மேலயாவது கோபப்பட்டே ஆகணும்னா, என் மேல படட்டும். நான்தான் நம்பாதவனாச்சே, எனக்கு அது வலிக்காது. நீங்க பொண்ணுகிட்டக் கிளம்புங்க."