இரண்டு பெடல்கள்

செங்கோடனின் லாரி மூன்றாவது முறையாகப் பட்டறைக்கு வந்தபோதும் ஸ்கேனர் அதே பழுது எண்ணைத்தான் காட்டியது. அதாவது, பிரேக்கும் ஆக்ஸிலேட்டரும் ஒரே நேரத்தில் மிதிபட்டிருக்கின்றன. அதனால் இன்ஜின் தானாகவே வேகத்தைக் குறைத்துக்கொண்டது. மெக்கானிக் தவசியப்பன் சென்சாரையும் வயரையும் ஏற்கெனவே மாற்றிப் பார்த்துவிட்டான்.

"ரெண்டையும் ஒண்ணா மிதிக்க எனக்கென்ன கிறுக்குங்களா?" என்றார் செங்கோடன்.

வேறு வழியில்லாமல் தவசியப்பன் ஸ்கேனரை மடியில் வைத்துக்கொண்டு பக்கத்து சீட்டில் உட்கார்ந்தான். புறவழிச் சாலையில் வண்டி ஒரு குறையும் இல்லாமல் ஓடியது. எடைமேடையைத் தாண்டியதும், செங்கோடனின் வலது கால் ஆக்ஸிலேட்டரில் இருக்க, இடது கால் கிளட்ச் பக்கமிருந்து மெல்ல நகர்ந்து வந்து பிரேக்கை அழுத்தியது. டேஷ்போர்டில் மஞ்சள் விளக்கு எரிந்தது; வண்டியின் வேகம் தானாகக் குறைந்தது. அவர் கண்கள் வலப்பக்கக் கண்ணாடியில் இருந்தன. போன வருடம், டயரைத் தட்டிப் பார்க்கச் சொல்லித் தம்பியை அவர் இறக்கிவிட்ட இடம் அது. பின்னால் வந்த பஸ் அவனை அடித்துப் போட்டதை அந்தக் கண்ணாடியில்தான் பார்த்தார்.

"பாத்தீங்களா, நான் ஒண்ணுமே பண்ணலீங்க. இந்த எடத்துக்கு வந்தா வண்டிதான் இப்படிப் பண்ணுது."

தவசியப்பன் அந்த இரண்டு கால்களையும் பார்த்தான்.

"ஆமாங்கண்ணா, வண்டிதான்."

கீழே இறங்கிய ஒருவன் ஓடிவந்து தொற்றிக்கொள்ளக்கூடிய வேகத்தில் லாரி ஊர்ந்துகொண்டிருந்தது.