அரை மணி ஆட்டம்

"இந்த மட்டையை வச்சு யாரை அடிக்கப் போறீங்க?"

கதவை முக்கால்வாசி மூடிக்கொண்டு அந்த அம்மா கேட்டாள். வாசலில் நின்றவளின் கையில் ஹாக்கி மட்டை. கண் இரண்டும் தூக்கமில்லாமல் சிவந்திருந்தன. பார்க்கிறவர்கள் பயப்படத்தான் செய்வார்கள்.

"அடிக்க இல்லைங்க, ஆடுறதுக்கு. நான் பத்திரிகையில விளையாட்டுப் பக்கம் எழுதுறவ. உங்க பொண்ணு முன்னாடி எங்க டீம்ல ஆடினா. நாளைக்கு ஒரு நாள் மட்டும் அனுப்புங்க."

"ஆடிட்டு முட்டி பேந்துதானே வந்தா. பல்லு போச்சுன்னா, நீங்க பேப்பர்ல எழுதினா முளைச்சிடுமா?"

மிச்சமிருந்த கால்வாசிக் கதவும் மூடிக்கொண்டது. அதுதான் கடைசி வீடு.

பள்ளிப் பிள்ளைகள் கையில் ஹாக்கி மட்டையைக் கொடுத்தே தீருவது என்று அவள் தொடங்கிய அணி அது. ஆரம்பத்தில் மைதானம் கொள்ளாத கூட்டம் வந்தது. பிறகு பரீட்சை, டியூஷன், முட்டிக்காயம் என்று ஒவ்வொருத்தியாக உதிர்ந்து, கடைசியில் பந்தும் அவளும்தான் மிச்சம்.

ஆனால் பத்திரிகையில் மட்டும் அணி வாரம் தவறாமல் ஆடிக்கொண்டிருந்தது. 'விடியற்காலையில் மைதானத்தை அதிரவைக்கும் புயல்கள்' என்று எழுதினாள். அதைப் படித்து இன்னும் நாலு பள்ளிகள் ஹாக்கியைத் தொடங்காதா என்ற நப்பாசை. விடியற்காலையில் எழுந்துவந்து பார்க்கிற பழக்கம், மைதானம் கொடுத்திருந்த பள்ளியின் தலைமையாசிரியைக்கு இல்லாதது வசதியாகப் போயிற்று.

வந்தது வினை. பக்கத்து ஊர்ப் பள்ளியின் பி.டி. சார் போன் செய்தார்.

"உங்க டீமோட ஒரு மேட்ச் வைக்கணும்னு எங்க பிரின்சிபால் பிடிவாதமா நிக்கிறார் மேடம். முழு நேரம் எல்லாம் வேண்டாம். அரை மணி போதும்."

அரை மணியில் கதையை முடித்துவிடுவார்களாம். உதிர்ந்துபோனவர்களின் வீட்டு முகவரிகளை அவள் தேடி எடுத்தாள்.

தலைமையாசிரியைக்கோ ஒரே சந்தோஷம். "மேட்ச் நல்லபடியா நடந்துட்டா மைதானம் உங்களுக்குத்தான். இல்லேன்னா திங்கட்கிழமை ஸ்கூல் வேனுக்கு ஷெட் போட ஆள் வந்துடுவாங்க. உங்க எழுத்தை நம்பித்தான் இத்தனை நாள் அவங்களை இழுத்தடிச்சேன்."

கடைசி வீட்டுக் கதவும் மூடிய மறுநாள், சனிக்கிழமை காலை. பள்ளி முழுக்க ஒரே ஒரு அறையில்தான் பிள்ளைகள் இருந்தார்கள், பாட்டு வகுப்பில். அவள் பாட்டு டீச்சரின் காலில் விழாத குறை.

டீச்சர் சுருதிப்பெட்டியை மூடினார். "கை, கால்ல அடிபட்டா நான் பார்த்துக்கறேன். தொண்டையை மட்டும் பத்திரமா திருப்பிக் குடுங்க."

பதினொரு பாடகிகளுக்கு மதியம் வரை ஹாக்கிப் பாடம் நடந்தது. "மட்டையோட தட்டையான பக்கத்தாலதான் பந்தைத் தொடணும். முதுகுப் பக்கம் பட்டா தப்பு" என்று அவள் சொல்லச் சொல்ல, முதுகுப் பக்கத்தாலேயே தட்டினார்கள். சிலர் பந்தையே தொடவில்லை.

நெட்டை என்று எல்லோரும் கூப்பிடும் பெண்ணுக்குப் பேடுகளைக் கட்டிக் கோல் காக்க நிறுத்தினாள். இரண்டு மெத்தைகளைக் காலில் கட்டியதுபோல அவள் அசைந்து அசைந்து நடந்தாள்.

"அக்கா, பந்து வந்தா வலிக்குமா?"

"வலிக்காது. அதுக்குத்தான் இவ்வளவு பஞ்சு."

"அப்ப பயம் மட்டும்தானா?"

"பயம் மட்டும்தான்" என்றாள் அவள். சொல்லிவிட்டுப் பேடின் வாரை இன்னொரு முறை இழுத்துக் கட்டினாள்.

மாலையில் பேருந்து வந்து நின்றது. மடிப்புக் கலையாத சீருடையில் பதினொரு பெண்கள் இறங்கினார்கள். கையில் பளபளக்கும் மட்டைகள், ஒன்றிலும் ஒரு கீறல் இல்லை. வசதியான பள்ளி போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டாள். வந்தவர்கள் சிரிக்கவில்லை, பேசவில்லை. வரிசையாக நின்று கண் கொட்டாமல் இவள் பிள்ளைகளையே பார்த்தார்கள்.

அந்தப் பார்வையில் பாட்டுக் குழு கதிகலங்கிப் போய், தன்னையறியாமல் ஒரே சுருதியில் முனக ஆரம்பித்தது. எதிரணி ஓரடி பின்னால் நகர்ந்தது.

முன்வரிசையில் இரண்டு நாற்காலிகள். ஒன்றில் தலைமையாசிரியை, இன்னொன்றில் அந்தப் பள்ளி பிரின்சிபால். முதல் கோல் விழுவதற்கு முன்னால் நாமே உண்மையைச் சொல்லிவிடலாம் என்று அவள் குனிந்தாள்.

"மேடம், உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும்."

"எல்லாம் ஆட்டம் முடிஞ்சு பேசிக்கலாம். முதல்ல போய் விசில் ஊதச் சொல்லுங்க" என்றார் தலைமையாசிரியை, மைதானத்திலிருந்து கண்ணை எடுக்காமல்.

திரும்பினால், பேருந்தின் மறைவிலிருந்து பி.டி. சார் கையசைத்துக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். இன்னும் என்ன நிபந்தனை வைக்கப் போகிறாரோ என்று அருகில் போனாள். அவர் சட்டை தொப்பலாக நனைந்திருந்தது. தன் பிரின்சிபால் பார்க்கிறாரா என்று ஒருமுறை எட்டிப் பார்த்துவிட்டு, இரண்டு கைகளையும் கூப்பினார்.

"நீங்க எழுதுறதைப் படிச்சிட்டு, நம்மகிட்டயும் டீம் இருக்குன்னு எங்க பிரின்சிபால்கிட்ட அளந்து விட்டுட்டேன் மேடம். உங்க புயல்களைக் கொஞ்சம் மெதுவா ஆடச் சொல்லுங்க. எங்க பிள்ளைங்க நேத்துதான் மட்டையையே தொட்டாங்க."