வெட்டிப் போட்ட நான்கு வினாடி

“சர்ஃபராஸ் அண்ணே, அவன வெளுப்பாக்காதீங்க. அவன் கருப்பு அப்படியே இருக்கட்டும்.”

தேவா சொன்ன பிறகுதான் கவனித்தேன். திரையில் இருந்த முதுகை என் கை தன்னால் இரண்டு படி வெளுப்பாக்கியிருந்தது.

பூந்தமல்லியில் பன்னிரண்டு வருடமாகக் கல்யாண வீடியோ எடிட் செய்கிறேன். கருப்பாக யார் வந்தாலும் வெளுப்பாக்கித்தான் அனுப்புவேன். வேண்டாம் என்று இதுவரை ஒருவரும் சொன்னதில்லை.

தேவா கவிதை எழுதுகிறவன். தானே எடுத்த பத்து நிமிடப் படத்தோடு வந்திருந்தான். அயனம்பாக்கம் ஏரிக்கரையில் ஓர் ஆள் குளித்துவிட்டுத் தலை துவட்டுகிறான். முகம் எங்கேயும் வராது. முதுகு, பிடரி, ஒரு கை. படமே அவ்வளவுதான்.

அதன்மேல் தேவாவின் குரல்: ‘உன் கையும் என் கையும் ஒரே கருப்பு. கோத்தால் எது யாருடையது என்று தெரியவில்லை.’

அந்த ஆள் இவனுக்கு யார் என்று அப்போதே புரிந்துவிட்டது. சங்கடமாகத்தான் இருந்தது, மறைப்பானேன். ஆனாலும் எடிட்டர் புத்தி சும்மா இருக்குமா? கவிதையில் இரண்டு கை, படத்தில் ஒன்றுதான்.

“இன்னா நைனா, ரெண்டு பேரும் ஒண்ணா கீற மாரி ஒரு ஷாட்டுகூடவா எடுக்கல?”

“கேமரா என் கைல இருந்துச்சேண்ணே. இனிமே எடுக்கவும் முடியாது. அவனுக்குக் கல்யாணம் ஆயிடுச்சு.”

சிரித்துக்கொண்டேதான் சொன்னான். என்னால் அவன் முகத்தைப் பார்க்க முடியவில்லை. ஏற்றிய வெளுப்பை இறக்கினேன்.

நிறம் திரும்பியது. கூடவே பிடரியில் புளியங்கொட்டை அளவுக்கு ஒரு தழும்பும் தெரிந்தது.

திரைக்கு அருகே குனிந்து பார்த்தேன்.

போன மாசம், ஆவடிக் கல்யாணம். பெண் வீட்டார் கேட்டபடி மாப்பிள்ளையை நாலு படி வெளுப்பாக்கி, தாலி கட்டக் குனிந்தபோது தெரிந்த அந்தத் தழும்பை ஒவ்வொரு ஃபிரேமாக அழித்தவன் நான்தான்.

வரவேற்பு மேடையில் யாரோ ஒருவன் மாப்பிள்ளையின் கையைக் கோத்துக்கொண்டு விடாமல் நின்றான். வெளுத்த மாப்பிள்ளைக்குப் பக்கத்தில் அவன் கருப்பு உறுத்தியது. நான்கு வினாடி. வெட்டிவிட்டேன். அவன் முகத்தைக்கூடப் பார்க்கவில்லை.

அலமாரியிலிருந்து அந்த ஹார்ட் டிஸ்க்கைத் தேடி எடுத்து மாட்டினேன். நான் கை வைக்காத அசல் அதில் இருந்தது. தேவாவைப் பக்கத்தில் வந்து உட்காரச் சொல்லி அந்த நான்கு வினாடியை ஓடவிட்டு, கைகளைப் பெரிதாக்கி நிறுத்தினேன்.

தேவா வாயைப் பொத்திக்கொண்டான்.

எது யாருடைய கை என்று எனக்கும் தெரியவில்லை.