வாய் நிறையக் கூப்பிட ஒரு பெயர்

1938, ஆனி மாதம். புதுக்கோட்டை சமஸ்தானத்தில் ஆலங்குடிக்குப் பக்கத்து ஊர் ஒன்றில், சேவுகன் வீட்டு மருமகள் சொர்ணவல்லிக்கு ஏழாம் மாதம்.

"ஊருல ஒருத்தருக்கும் இல்லாத பேரா இருக்கணும்த்தா," என்றாள் மாமியார் அழகம்மாள், நிலக்கடலையை உடைத்து முறத்தில் போட்டபடி. "ஆம்பளைக்கும் ஒட்டணும், பொம்பளைக்கும் ஒட்டணும். பொறந்த பெறகு பேரு தேடிக்கிட்டுத் திரிய முடியாது."

கடலை உடைத்துக்கொண்டிருந்த சொர்ணவல்லியின் கை நின்றுவிட்டது.

அந்த வீட்டு வழக்கம் அவளுக்குத் தெரியும். தலைப்பிள்ளை ஆணென்றால் தாத்தா பெயர். பெண்ணென்றால் பாட்டி பெயர். ஆனால் மாமனார், மாமியார் பெயரை மருமகள் வாயால் சொல்லக் கூடாது. பெற்ற பிள்ளையையே பெயர் சொல்லிக் கூப்பிட முடியாமல் போய்விடுமே என்பதுதான் இத்தனை நாளும் அவளை அரித்துக்கொண்டிருந்த கவலை.

"அப்ப மாமா பேரு..." என்று இழுத்தாள்.

"அதை விடு. நானும்தான் ஒருத்தனைப் பெத்தேன். என் மாமனார் பேரை வச்சாக. இருபத்திரண்டு வருசமா 'ஏய் பெரியவனே'ன்னுதான் கூப்பிடுறேன். மகளுக்கு மாமியா பேரு. அவளை 'ஏ குட்டி, ஏ குட்டி'ன்னே வளர்த்துக் கட்டிக் குடுத்தாச்சு. வாய் நிறையப் பேரு சொல்லிக் கூப்பிட இந்த வீட்டுல எனக்கு ஒரு புள்ளை இல்ல."

இந்த மனுஷியையா சிடுமூஞ்சி என்று அம்மாவிடம் கோள் சொன்னோம் என்று சொர்ணவல்லிக்கு வெட்கமாக இருந்தது. ஐந்தாம் வகுப்பு வரை படித்ததையெல்லாம் மனசுக்குள் துழாவினாள்.

"தென்றல்?"

"காத்தா? வீடு தங்காது. ஊரு சுத்தப் போயிரும்."

"அருவி?"

"வேணாம்த்தா. எந்நேரமும் மூக்கு ஒழுகிக்கிட்டே நிக்கும்."

"தளிர்?"

"ஆடு கடிச்சிரும் புள்ள!"

இருவரும் சிரித்த சிரிப்பில் முறத்துக் கடலை தரையில் சிதறியது.

"முகில்," என்றாள் சொர்ணவல்லி, கண்ணைத் துடைத்துக்கொண்டு.

"அப்படின்னா?"

"மேகம் அத்தை. மழைக்கு முந்திக் கறுத்துக்கிட்டு வருமே, அது."

அழகம்மாள் வாசலைப் பார்த்துக் குரல் கொடுத்துப் பார்த்தாள். "ஏ முகிலு! இங்கிட்டு வா, முகிலு!" வாசலில் மேய்ந்த கோழி இரண்டு திரும்பிப் பார்த்தன.

"கூப்பிட நல்லாத்தான் இருக்கு. கறுப்பாப் பொறந்தாலும் ஒருத்தரும் கொறை சொல்ல முடியாது."

"மாமா ஒத்துக்கணுமே?"

"அவுககிட்ட நான் பேசிக்கிறேன்."

அன்று சாயங்காலம் சேவுகன் சாப்பிட உட்கார்ந்தார். அழகம்மாள் குழம்பை ஊற்றிக்கொண்டே அவர் காதருகில் ஏதோ சொன்னாள். சொர்ணவல்லி அடுப்படியில் காதைத் தீட்டிக்கொண்டு நின்றாள்.

"மொகிலா? இதென்னடி பேரு?" என்று அவர் குரல் உயர்ந்தது. அழகம்மாள் மறுபடி ஏதோ முணுமுணுத்தாள். அவர் தொண்டையைக் கனைத்தார். "சரி சரி, ஒன் இஷ்டம். நான் என்னத்தைச் சொல்ல?" என்றவர், மோருக்குக்கூடக் காத்திருக்காமல், மருமகள் நின்ற பக்கம் திரும்பாமல் எழுந்து கை கழுவப் போய்விட்டார்.

சொர்ணவல்லி ஓடிவந்து மாமியாரின் கைகளைப் பிடித்துக்கொண்டாள். "என் வயித்துல பாலை வார்த்தீங்க அத்தை! எம் புள்ளையை நானும் பேரு சொல்லிக் கூப்பிடுவேன்ல?"

"ஒம் புள்ளையையா?" அழகம்மாள் திருதிருவென்று விழித்தாள். "ஒம் புள்ளைக்குத்தான் அவுக பேரு காத்துக்கிட்டு இருக்கே! அதுல நான் கை வைக்க முடியுமா?" பிறகு முந்தானையால் பாதி முகத்தை மூடிக்கொண்டு குரலைத் தாழ்த்தினாள். "என் வயித்துல இருக்குறதுக்குல்ல பேரு இல்லாமக் கெடந்துச்சு! மாமனார் பேரு, மாமியா பேரு ரெண்டும் மூத்ததுகளோட முடிஞ்சு போச்சு. கார்த்திகையில பொறக்கும்ங்குறா மருத்துவச்சி. வெளியில சொல்லிராத புள்ள, வெக்கமா இருக்கு."

சொர்ணவல்லி மாமியாரை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்க ஆரம்பித்தாள்.

ஆவணியில் அவளுக்கு மகன் பிறந்தான். சேவுகன் என்று பெயர் வைத்தார்கள். கார்த்திகையில் அழகம்மாளுக்கும் மகன் பிறந்தான். முகில் என்று பெயர் வைத்தார்கள். கொழுந்தனார் பெயரையும் மருமகள் சொல்லக் கூடாது என்பதால், அந்தப் பெயரைச் சொர்ணவல்லி அதன் பிறகு ஒரு நாளும் சொல்லவில்லை.