ஹெலனுக்கு ஒரு மாடம்

"இந்தச் செவுத்துல உளி பட்டுச்சுன்னா, அன்னிக்கே ஊட்ட காலி பண்ணிடு அன்பு!"

வீட்டுக்காரர் அப்துல் ஜப்பார் போட்ட சத்தத்தில் மேஸ்திரி தணிகைவேல் சுத்தியலைக் கீழே வைத்துவிட்டார். ஹெலனுக்கு முகம் சுண்டிப்போனது.

அவள் பெரிதாக ஒன்றும் கேட்கவில்லை. பாத்ரூம் சுவரைக் குடைந்து, சோப்பும் மக்கும் வைக்க இடுப்பு உயரத்தில் ஒரு மாடம், அவ்வளவுதான். காக்களூர் கம்பெனி பஸ்ஸிலிருந்து விழுந்து இடுப்பில் பிளேட் வைத்த பிறகு அவளால் குனிய முடியவில்லை. போன வாரம் கீழே கிடந்த சோப்பை எடுக்கப்போய் வழுக்கியும் விழுந்துவிட்டாள். சுவரில் ஸ்டாண்டு அடித்தால், அந்தச் சின்ன பாத்ரூமில் வாக்கரோடு திரும்ப முடியாது.

"ஒரு சாண் ஆழந்தான் பாய்..." என்று இழுத்தான் அவள் கணவன் அன்பு.

"மேல் ஊடு மொத்தமும் இந்தச் செவுத்து மேலதாம்பா நிக்குது. ஒரு சாணா இருந்தா இன்னா, ஒரு வெரலா இருந்தா இன்னா? கூடாதுன்னா கூடாது!"

பாய் பக்கத்துப் போர்ஷனில் இருந்த தன் வீட்டுக்கு விறுவிறுவென்று போய்விட்டார்.

"வேற ஊடு பாருய்யா. இந்த மனுசனுக்கு நம்ம கஷ்டம் எங்க புரியப்போவுது?" ஹெலன் அழுதேவிட்டாள்.

மறுநாள் திருவள்ளூரில் பிசியோதெரபி முடிந்து சாயங்காலம் திரும்பியவள், பாத்ரூம் கதவைத் திறந்ததும் அப்படியே நின்றாள். நேற்று உளி வைக்கப்போன சுவருக்கு எதிர்ச் சுவரில், சிமெண்ட் ஈரம்கூடக் காயாமல், அவள் கேட்ட அதே மாடம்!

"பாயே மேஸ்திரியத் திரும்பக் கூட்டினு வந்தாரு," என்றான் அன்பு. "இது வெறும் தடுப்புச் செவுராம். ஒடச்சாலும் மேல் ஊட்டுக்கு ஒண்ணும் ஆவாதாம்."

குனியாமலே கை எட்டியது. ஹெலனுக்குக் கண் நிறைந்துவிட்டது. அந்த நல்ல மனிதரை என்னவெல்லாம் பேசிவிட்டோம்! வாக்கரை ஊன்றிக்கொண்டு உடனே பாய் வீட்டு வாசலுக்குப் போனாள்.

"ரொம்ப தேங்க்ஸ் பாய். இந்த உதவிய மறக்கவே மாட்டேன்."

"இன்னாத்துக்கும்மா தேங்க்ஸு? மெயின் செவுரு தப்பிச்சுதே, அது போதும். நீ போய்ப் படு," என்று வாசலை மறித்தபடியே அவசரமாகச் சொன்னார் பாய்.

"வாசலோட அனுப்பறீங்களே! உள்ள வா ஹெலனு, டீ குடிச்சிட்டுப் போ," என்று அவர் மனைவி ஆரிபா கூப்பிட்டாள்.

உள்ளே போன ஹெலன் திகைத்தாள். நடக்கக்கூட வழியில்லாமல் ஹாலை அடைத்துக்கொண்டு கிடந்தது ஒரு கட்டில்.

"இன்னாக்கா, கட்டில ஹால்ல போட்டுட்டீங்க?"

ஆரிபா சிரித்துக்கொண்டே படுக்கையறையைக் காட்டினாள்.

"உங்க ஊட்டு மாடம் எங்க ரூம்லதான பொட்டி மாதிரி துருத்திக்கினு இருக்குது? எழுந்தா தலையில இடிக்கும்னு, இனிமே நம்ம படுக்கையே ஹால்லதான்னுட்டாரு!"