இன்னொரு வாட்டி

"இன்னொரு வாட்டி சொல்லுங்க மேடம். உச்சியில எதுக்கு சைபர் வருது?"

செந்தமிழ்ச்செல்வி மூன்றாவது முறையாக எழுந்து நின்றாள்.

பின்வரிசையில் யாரோ உச்சுக் கொட்டினார்கள். உயிர்வேதியியல் படிக்க வந்தவர்களுக்குக் கணக்கு என்றாலே வேப்பங்காய். அதிலும் இது பருவத்தின் கடைசி வகுப்பு.

ஆசிரியை தமிழ்மொழி சலித்துக்கொள்ளவில்லை. கரும்பலகையைத் துடைத்துவிட்டு வளைகோட்டை மறுபடி வரைந்தாள்.

ஒரு ஏக்கர் மரவள்ளி. உரம் போடப் போட விளைச்சல் ஏறும். அளவுக்கு மிஞ்சினால் இறங்கும். ஏற்றம் நின்று இறக்கம் தொடங்காத அந்தப் புள்ளியில், விளைச்சல் மாறும் வேகம் சைபர். அந்த வேகத்துக்குத்தான் வகைக்கெழு என்று பெயர்.

சட்டென்று முடிகிற விளக்கத்தை இழுத்து இழுத்துச் சொன்னாள்.

செல்வி பலகையைப் பார்க்கவில்லை. தமிழ்மொழியின் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

பக்கத்திலிருந்த தேவிப்ரியா துப்பட்டாவைப் பிடித்து இழுத்தாள். "இன்னாடி இது? காலையில நீதான எனுக்கே இதச் சொல்லிக் குடுத்த?"

தமிழ்மொழியின் காதிலும் அது விழுந்தது. விழாதவள்போலத் திரும்பிக்கொண்டாள்.

மணி அடித்தது. பிள்ளைகள் திமுதிமுவென்று வெளியேறினார்கள். அடுத்த பருவத்தில் இவர்களுக்குக் கணக்கு கிடையாது.

எல்லோரும் போன பிறகு செல்வி மேசையருகே வந்தாள்.

"இந்தக் கணக்கு பரீட்சைக்கு வருங்களா மேடம்?"

"வரும்." சொல்லிவிட்டுத் தமிழ்மொழி தயங்கினாள். பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டு, "நேரத்துக்கு சாப்புடு. ரொம்ப எளச்சிப் போய்ட்ட" என்றாள்.

செல்வி புத்தகங்களை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு விடுவிடுவென்று படியிறங்கிப் போனாள்.

தமிழ்மொழி ஜன்னலுக்கு வந்தாள்.

கேட்டுக்கு வெளியே, வடக்கனந்தலிலிருந்து மொபெட்டில் வந்த வேடியப்பன் மகள் செல்விக்காகக் காத்திருந்தார். தலை முழுக்க நரைத்துவிட்டிருந்தது. மகள் பின்னால் ஏறி உட்கார்ந்ததும் வண்டியைக் கிளப்பினார். மாடிப்பக்கம் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

எட்வினைக் கட்டிக்கொண்டு வீட்டைவிட்டுப் போன மூத்தவளிடம் பாடத்தைத் தவிர ஒரு வார்த்தை பேசக் கூடாது என்று, கல்லூரியில் சேர்க்கும்போதே இளையவளிடம் சத்தியம் வாங்கியிருந்தார் அவர்.

தங்கை அதை ஒருநாளும் மீறியதில்லை.