வாய்ப்பழக்கம்

சினிமாவில் தகாத உறவில் இருப்பவர்களைத் திரையிலிருந்து அழித்துவந்த தணிக்கைக் கருவி, இந்த வருடம் வீட்டு வீடியோக்களுக்கும் வந்துவிட்டது.

இறந்துபோன கணவரைப் பார்க்க ஆசைப்பட்டு மங்கையர்க்கரசி பழைய வீடியோ ஒன்றைப் போட்டாள். அவரைக் காணவில்லை. கைக்குழந்தையாக இருந்த மகள் தமயந்தி மட்டும் அந்தரத்தில் மிதந்துகொண்டிருந்தாள்.

"அப்பா எங்கம்மா?" என்றாள், இப்போது வளர்ந்துவிட்ட தமயந்தி.

வீடியோவில் மங்கையர்க்கரசியின் குரல் கேட்டது: "தம்பி, புள்ளயக் கீழ போட்டுறாதீங்க."

இறந்துபோன இந்தக் கணவர், அவளுடைய முதல் கணவரின் தம்பி. அவரையே மறுமணம் செய்துகொண்ட பிறகும் 'தம்பி' என்றுதான் கூப்பிட்டாள். அதைக் கேட்ட கருவி, அவர்களை அக்கா தம்பி என்று எடுத்துக்கொண்டிருந்தது.

"என் வாய்தான்டி அவர அழிச்சிருச்சு."

திரையில் குழந்தை, அவர் கன்னம் இருந்திருக்க வேண்டிய இடத்தில் காற்றைத் தட்டி, "அப்பா" என்றது.